சாக்பீஸ் குதிரையும் உலகக் கிரீடமும்

குகேஷ் தமிழ்ப் பிள்ளையா, தெலுங்குப் பிள்ளையா என்று கேட்டுச் சலித்துவிட்டோம். எல்லையோர ஊர்களில் வாழும் நமக்குக் கேட்க வேறொரு கேள்வி பாக்கி இருக்கிறது.

2024 டிசம்பர் 12, சிங்கப்பூரின் செந்தோசா தீவு. உலக சதுரங்க சாம்பியன் போட்டியின் பதினான்காவது ஆட்டம், அதுவே கடைசி ஆட்டம். டிங் லிரெனுக்கும் குகேஷுக்கும் ஆளுக்கு ஆறரைப் புள்ளி. பலகையில் இருவரிடமும் ஒரு யானை, ஒரு பிஷப். குகேஷிடம் ஒரு சிப்பாய் மட்டும் அதிகம். அந்த ஒற்றைச் சிப்பாயை வைத்து வெல்வது கஷ்டம், டிராவில்தான் முடியும் என்றே பார்த்துக்கொண்டிருந்தவர்கள் நினைத்தார்கள். 55-வது நகர்வில் டிங் தன் யானையை எஃப்2 கட்டத்துக்குக் கொண்டுவந்தார்.

குகேஷ் அதை உடனே கவனிக்கவில்லை. வேறொரு நகர்வை ஆடவிருந்ததாக அவரே பிறகு சொன்னார். அப்புறம்தான் கண்ணில் பட்டது. யானைக்கு யானை வெட்டிக்கொள்ளலாம். பிறகு, மூலையில் முடங்கி நிற்கும் வெள்ளை பிஷப்புக்கு எதிரே தன் பிஷப்பை நிறுத்தினால் அதற்குத் தப்ப வழியில்லை. அவை இரண்டும் வெட்டுப்பட்டால் மிஞ்சுவது ராஜாக்களும் சிப்பாய்களும்தான். அந்த நிலையில் ஒரு சிப்பாய் கூடுதலாக வைத்திருப்பவருக்கே ஆட்டம். இதைக் கண்டுகொண்ட நொடியில் அந்தப் பிள்ளையின் முகம் மாறியதை உலகமே கேமராவில் பார்த்தது. தண்ணீர் குடித்தார், மூச்சை இழுத்து விட்டார், கணக்கை மறுபடி சரிபார்த்தார். 58-வது நகர்வோடு டிங் தோல்வியை ஒப்புக்கொண்டு கை கொடுத்தார். ஏழரைக்கு ஆறரை. 1985-இல் 22 வயதில் பட்டம் வென்ற காஸ்பரோவின் சாதனையை 18 வயதுப் பையன் தாண்டிவிட்டான்.

அன்று இரவே அடுத்த ஆட்டம் தொடங்கிவிட்டது. தமிழ்நாட்டு முதல்வர் ஸ்டாலின் சென்னையின் பெருமையைச் சொல்லி வாழ்த்தினார். ஆந்திர முதல்வர் சந்திரபாபு நாயுடு நம் தெலுங்குப் பையன் என்று வாழ்த்தினார். வாழ்த்திய இருவரும் சும்மா இருந்தார்கள். வாழ்த்தைப் படித்தவர்கள்தான் சமூக ஊடகங்களில் மல்லுக்கட்டினார்கள். பிறந்து வளர்ந்தது சென்னை என்று ஒரு கட்சி. வீட்டில் பேசுவது தெலுங்கு, பூர்விகம் திருப்பதி மாவட்டத்துச் சத்தியவேடு பக்கம் என்று மறு கட்சி. இரண்டும் உண்மை. சித்தூர்க்காரனான எனக்கு அந்தச் சண்டையைப் படிக்கப் படிக்க ஆச்சரியமாக இருந்தது. எங்கள் பக்கத்தில் இந்த இரண்டு உண்மைகளும் ஒரே வீட்டில், ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிடுகின்றன.

கோடு நகர்ந்தது, ஊர் நகரவில்லை

தொல்காப்பியத்தின் பாயிரம் தமிழ் வழங்கும் நிலத்துக்கு வட எல்லையாகச் சொல்வது வேங்கட மலையை. அந்த மலையடிவாரத்தில்தான் திருப்பதி இருக்கிறது. வெள்ளைக்காரர் காலத்தில் சித்தூர், வடஆற்காடு மாவட்டத்தின் தலைநகர். 1911 ஏப்ரல் 1-இல்தான் சித்தூர் தனி மாவட்டமானது. 1953-இல் ஆந்திர மாநிலம் பிரிந்தபோது அதோடு போனது. ம.பொ.சி. முன்னின்று நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தை எங்கள் தாத்தாக்கள் திண்ணையில் கதையாகச் சொல்வார்கள். 1960 ஏப்ரல் 1-இல் இரு மாநிலங்களும் எல்லையைத் திருத்திக்கொண்டன. திருத்தணி சென்னை மாநிலத்துக்கு வந்தது. பதிலுக்குச் செங்கல்பட்டு மாவட்டத்துச் சத்தியவேடு பகுதி சித்தூர் மாவட்டத்துக்குப் போனது. 2022 ஏப்ரலில் சித்தூர் மாவட்டத்தைப் பிரித்துத் திருப்பதி மாவட்டம் உண்டாக்கியபோது சத்தியவேடு அதில் சேர்ந்தது.

ஆக, குகேஷின் முன்னோர் மண் 1960 வரை செங்கல்பட்டு, பிறகு சித்தூர், இப்போது திருப்பதி. ஊர் இருந்த இடத்தில்தான் இருக்கிறது, அதன்மேல் வரைந்த கோடுதான் இடம் மாறிக்கொண்டே இருந்தது. இப்படிப்பட்ட ஊரிலிருந்து வந்த குடும்பத்துப் பிள்ளையைப் பார்த்து, கோட்டுக்கு எந்தப் பக்கம் என்று கேட்பதில் என்ன பொருள் இருக்கிறது?

ஆட்டத்தின் பெயரைக்கூட நாங்கள் பங்கு போட்டுக்கொண்டதில்லை. தமிழில் சதுரங்கம், தெலுங்கில் சதரங்கம். யானை, குதிரை, தேர், காலாள் என்ற நால்வகைப் படையைக் குறிக்கும் ஒரே வடசொல்லின் இரண்டு உச்சரிப்புகள். 1814-இல் பம்பாயில் ஆங்கிலத்தில் ஒரு சதுரங்க நூல் அச்சானது. ஐரோப்பிய முறை ஆட்டத்துக்கு ஏற்றபடி சமஸ்கிருதத்திலிருந்து மொழிபெயர்த்த நூல் அது. அதன் ஆசிரியர் பெயர் திருவேங்கடாசாரிய சாஸ்திரி. எங்கள் மலையின் பெயரைத் தாங்கிய ஒருவர், இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே, எப்படி மாட் வைப்பது என்று புத்தகம் போட்டிருக்கிறார் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் சிலிர்க்கும்.

தோற்றவர் எழுந்திருக்க வேண்டும்

ஆனால் மலையும் மொழியும் பழம்பெருமையும் சாம்பியனை உருவாக்கிவிடாது. குகேஷின் கதையை நெருங்கிப் பார்த்தால், அதற்குப் பின்னால் ஐம்பது ஆண்டு வேலை தெரியும்.

1961-இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனவர் மானுவல் ஆரோன். பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்தவர். ஒன்பது முறை தேசிய சாம்பியன். அவர் தன் கோப்பைகளோடு வீட்டில் உட்கார்ந்துவிடவில்லை. 1972-இல் சென்னையின் சோவியத் கலாசார மையத்தில் மிகைல் டால் பெயரில் ஒரு சதுரங்க மன்றம் தொடங்கினார். சோவியத் புத்தகங்கள், பலகைகள், கடிகாரங்கள், ஆட வருகிறவர்களுக்கு இடம் எல்லாம் அங்கே கிடைத்தன. அங்கே ஒரு வழக்கம் இருந்தது. ஜெயித்தவர் நாற்காலியிலேயே இருப்பார். தோற்றவர் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். எழுந்திருக்க மனமில்லாத சிறுவன் ஒருவன் அங்கே மின்னல் வேகத்தில் ஆடக் கற்றுக்கொண்டான். அவன் பெயர் விஸ்வநாதன் ஆனந்த். 1988-இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். பிறகு ஐந்து முறை உலக சாம்பியன்.

2013 நவம்பரில் ஆனந்த் தன் பட்டத்தைக் காக்கச் சென்னையிலேயே மேக்னஸ் கார்ல்சனோடு மோதினார், தோற்றார். நகரமே கலங்கிய அந்த நாட்களில் பார்வையாளர் பக்கமிருந்து, கண்ணாடிக்கு அப்பால் ஆடிக்கொண்டிருந்தவர்களை ஒரு ஏழு வயதுச் சிறுவன் பார்த்துக்கொண்டிருந்தான். அந்தக் கண்ணாடிக்கு உள்ளே ஒருநாள் தான் உட்கார வேண்டும் என்று நினைத்ததாகப் பதினொரு ஆண்டு கழித்துச் சிங்கப்பூரில் சொன்னார் குகேஷ். ஆனந்தின் தோல்வியைக்கூடச் சென்னை வீணாக்கவில்லை.

அந்தச் சிறுவன் ஆட்டத்தைக் கற்கத் தொடங்கியதும் அதே 2013-இல்தான். வாரத்துக்கு மூன்று நாள், நாளுக்கு ஒரு மணி நேரம், வேலம்மாள் பள்ளியில். அதே வேலம்மாளில்தான் பிரக்ஞானந்தாவும் படித்தார். போட்டிக்குப் போகிற பிள்ளைக்கு விடுப்பு, பரீட்சையில் தளர்வு என்று பள்ளி விட்டுக்கொடுத்தது. பிறகு பயிற்சியாளராக வந்தவர் கிராண்ட்மாஸ்டர் விஷ்ணு பிரசன்னா. அவர் ஒரு துணிச்சலான முடிவு எடுத்தார். எல்லோரும் கணினி எஞ்சினை வைத்துப் படிக்கும் காலத்தில், கிராண்ட்மாஸ்டர் நிலையை எட்டும்வரை எஞ்சினைத் தொடாதே என்றார். பலகையைப் பார்த்து, தானே கணக்குப் போட்டு, தானே தப்பு செய்து கற்றுக்கொள் என்பதுதான் அவருடைய பாடம். செந்தோசாவில் 55-வது நகர்வுக்குப் பிறகு அந்த முகத்தில் ஓடிய கணக்கு, இந்தப் பள்ளிக்கூடத்தில் பழகியது.

வீட்டில் நடந்ததையும் சொல்ல வேண்டும். அப்பா ரஜினிகாந்த், காது மூக்கு தொண்டை அறுவை சிகிச்சை நிபுணர். அம்மா பத்மகுமாரி, நுண்ணுயிரியல் துறையில் வேலை. கிராண்ட்மாஸ்டர் பட்டம் சும்மா கிடைப்பதில்லை. 2500 ரேட்டிங் புள்ளி வேண்டும். மூன்று நார்ம் வேண்டும். அதாவது பல நாட்டு ஆட்டக்காரர்களும் கிராண்ட்மாஸ்டர்களும் கலந்துகொள்ளும் போட்டிகளில் மூன்று முறை மிக உயர்ந்த தரத்தில் ஆடிக் காட்ட வேண்டும். அப்படிப்பட்ட போட்டிகளைத் தேடி ஐரோப்பாவெல்லாம் அலைய வேண்டும். ரஜினிகாந்த் தன் மருத்துவத் தொழிலை நிறுத்திவிட்டு மகனோடு கிளம்பினார். வீடு அம்மாவின் சம்பளத்தில் ஓடியது. ஸ்பான்சர் யாரும் கிடைக்காத அந்தக் காலத்தில் நண்பர்கள் கைகொடுத்தார்கள். அறை வாடகை மிச்சம் என்று அப்பாவும் பிள்ளையும் விமான நிலையத்தில் படுத்துத் தூங்கிய இரவுகள் உண்டு.

2019 ஜனவரி 15-இல், 12 வயது 7 மாதம் 17 நாளில், குகேஷ் கிராண்ட்மாஸ்டர் ஆனார். உலகிலேயே மிக இளையவர் என்ற சாதனை பதினேழு நாள் வித்தியாசத்தில் கைநழுவிப் போனது. அதற்காக அவர் உடைந்துபோகவில்லை. 2022-இல் மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தபோது முதல் எட்டு ஆட்டத்தையும் வரிசையாக ஜெயித்தார். 2024 ஏப்ரலில் டொராண்டோ கேண்டிடேட்ஸ் போட்டியில், ஏழாவது ரவுண்டில் கையில் இருந்த ஆட்டத்தைத் தவறவிட்டுத் தோற்றார். அடுத்த நாள் ஓய்வு நாள். அந்த நாளில்தான் இந்தப் போட்டியை என்னால் ஜெயிக்க முடியும் என்று மனதில் பட்டதாகச் சொன்னார். ஜெயித்தார்.

சிங்கப்பூரில் முதல் ஆட்டமே தோல்வி. அன்று லிப்ட்டில் எதிரே வந்தார் ஆனந்த். 2010-இல் தானும் முதல் ஆட்டத்தைத் தோற்றதையும், அப்போது தன் கையில் பதினோரு ஆட்டம்தான் மிச்சம் இருந்ததையும் சொல்லி, உனக்கு இன்னும் பதின்மூன்று இருக்கிறதே என்று தேற்றினார். ஒரு நகரத்தில் சதுரங்கம் வேரூன்றியிருக்கிறது என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா? தோற்ற பிள்ளைக்கு ஆறுதல் சொல்ல, அதே தோல்வியை அனுபவித்துக் கரையேறிய அண்ணன் ஒருவர் பக்கத்திலேயே இருந்தார்.

குடிவாடாவில் ஒரு அப்பா

இது சென்னைக்கு மட்டும் உரிய கதையல்ல. கிருஷ்ணா மாவட்டம் குடிவாடாவில் 1987-இல் பிறந்தவர் கோனேரு ஹம்பி. அப்பா அசோக் கல்லூரி ஆசிரியர், நல்ல சதுரங்க ஆட்டக்காரர். மகளின் திறமையைக் கண்டதும் வேலையை விட்டுவிட்டு அவளுக்குப் பயிற்சியாளர் ஆனார். ஆங்கிலத்தில் சாம்பியன் என்ற சொல்லின் ஓசை வரவேண்டும் என்றுதான் அந்தப் பெயரே வைத்தாராம். 2002-இல், 15 வயது 1 மாதம் 27 நாளில், ஹம்பி கிராண்ட்மாஸ்டர் ஆனார். அன்றைக்கு உலகிலேயே மிக இளைய பெண் கிராண்ட்மாஸ்டர் என்ற பெருமை ஹங்கேரியின் ஜூடித் போல்கரிடமிருந்து குடிவாடாவுக்கு வந்தது. திருமணம், குழந்தை என்று ஆட்டத்தை விட்டு விலகியிருந்தவர், திரும்பி வந்து 2019-இல் மாஸ்கோவில் உலக ரேபிட் பட்டம் வென்றார். 2024 டிசம்பரில் நியூயார்க்கில் அதே பட்டத்தை மறுபடி வென்றார். குகேஷ் ஜெயித்த அதே மாதம்.

குண்டூரின் ஹரிகா 2022-இல் மாமல்லபுரத்துக்கு நிறைமாதக் கர்ப்பிணியாக வந்தார். மணிக்கணக்கில் பலகை முன்னால் உட்கார்ந்து ஆடி, இந்தியப் பெண்கள் அணி ஒலிம்பியாட்டில் முதன்முறையாகப் பதக்கம் வாங்கத் துணைநின்றார். அந்த வெண்கலப் பதக்க அணியில் ஹம்பியும் இருந்தார், சென்னையின் வைஷாலியும் இருந்தார்.

குண்டூர்க்காரரான இன்னொருவரைப் பற்றி எல்லையோரத்தார் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும். பெண்டியாலா ஹரிகிருஷ்ணா 2001-இல் கிராண்ட்மாஸ்டர், 2004-இல் கொச்சியில் உலக ஜூனியர் சாம்பியன், 2016-இல் உலகின் முதல் பத்துப் பேரில் ஒருவர். உலக சாம்பியன் போட்டிக்குத் தயாராகும் ஆட்டக்காரருக்குப் பின்னால் ஒரு ரகசியக் குழு இருக்கும். இரவெல்லாம் விழித்து அடுத்த ஆட்டத்துக்கான ஓப்பனிங்கைத் தோண்டித் துருவிக் கொடுப்பவர்கள் அவர்கள். போட்டி முடியும்வரை அவர்கள் பெயர் வெளியே வராது. குகேஷ் வென்ற பிறகுதான் தெரிந்தது, அந்தக் குழுவில் ஹரிகிருஷ்ணாவும் இருந்தார் என்று. சமூக ஊடகத்தில் பிள்ளை யாருடையவன் என்று நாம் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தபோது, தெலுங்கு அண்ணன் ஒருவர் சென்னைத் தம்பிக்காகக் கண்விழித்து முடித்திருந்தார்.

அதற்கு மூன்று மாதம் முன்னால் புடாபெஸ்டில் நடந்த ஒலிம்பியாட்டிலும் இதே கதைதான். குகேஷ், பிரக்ஞானந்தா, வாரங்கலின் அர்ஜுன் எரிகைசி, நாசிக்கின் விதித் குஜராத்தி, ஹரிகிருஷ்ணா. ஐந்து பேர் சேர்ந்து 22-க்கு 21 புள்ளி எடுத்து இந்தியாவுக்கு முதல் ஒலிம்பியாட் தங்கத்தைக் கொண்டுவந்தார்கள். முதல் பலகையில் ஆடிய குகேஷ் பத்து ஆட்டத்தில் ஒன்பது புள்ளி. பெண்கள் அணியும் தங்கம் வென்றது. அதில் ஹரிகாவும் வைஷாலியும் இருந்தார்கள்.

குக்கரில் வெந்த வெற்றி

பிரக்ஞானந்தாவின் அம்மா நாகலட்சுமியை மறக்க முடியாது. 2023 ஆகஸ்டில் பாகு நகரில் உலகக் கோப்பை நடந்தபோது, பேட்டி கொடுக்கும் மகனை ஓரமாக நின்று பார்த்துப் பூரித்த அந்த அம்மாவின் படம் உலகமெல்லாம் சுற்றியது. மகன் இறுதி ஆட்டத்தில் கார்ல்சனிடம் தோற்றார். ஆனால் அந்தப் படம் தோற்கவில்லை. நாகலட்சுமி போகிற நாடெல்லாம் மின்குக்கரும் மசாலாப் பொடியும் கொண்டு போகிறவர். பிள்ளைக்கு ரசமும் சாதமும் வேண்டும், வெளிச் சாப்பாடு ஒத்துக்கொள்ளாமல் வயிறு கெட்டுவிட்டால் ஆட்டமும் கெட்டுவிடும். வங்கி ஊழியரான அப்பா ரமேஷ்பாபு இங்கே இருந்து டிக்கெட், விசா எல்லாம் பார்த்துக்கொள்வார். அக்கா வைஷாலி டிவி பார்ப்பதைக் குறைக்கத்தான் முதலில் செஸ் வகுப்பில் சேர்த்தார்கள். தம்பி அக்காவைப் பார்த்து உட்கார்ந்தான். 2018-இல் தம்பி கிராண்ட்மாஸ்டர், 2023-இல் அக்கா கிராண்ட்மாஸ்டர். உலகில் வேறெந்த அக்கா தம்பிக்கும் அதுவரை கிடைக்காத பெருமை அது.

ஹம்பியின் அப்பா வேலையை விட்டார். குகேஷின் அப்பா தொழிலை நிறுத்தினார். பிரக்ஞானந்தாவின் அம்மா சமையலறையையே பெட்டியில் கட்டிக்கொண்டு போனார். இந்தத் தியாகங்களைக் கையெடுத்துக் கும்பிடுகிறேன். அதேசமயம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். வேலையை விட முடியாத அப்பாவின் பிள்ளை என்ன செய்யும்? மாம்பழ மண்டியில் மூட்டை தூக்குகிறவரின் மகளுக்கு, வெல்லம் காய்ச்சுகிறவரின் மகனுக்கு, மலைக்குப் போகும் பஸ்ஸை ஓட்டுகிறவரின் பேத்திக்கு யார் வழிவிடுவது? பெற்றோரின் தியாகத்தை மட்டுமே நம்பி நிற்கும் ஆட்டம், தியாகம் செய்ய வசதியுள்ள வீடுகளோடு நின்றுவிடும். ஆரோன் திறந்த மன்றத்தின் அருமை அங்கேதான் இருக்கிறது. கதவு திறந்திருந்தது. யார் பிள்ளை என்று கேட்காமல் பலகை முன்னால் உட்காரவிட்டார்கள்.

மாலை ரயில்

சென்ற ஆண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை, சென்னையிலிருந்து திருப்பதிக்கு வரும் மாலை ரயிலில் ஏறினேன். எதிர் இருக்கையில் ஒரு அப்பா, ஒன்பது வயது இருக்கும் ஒரு பெண். அவள் மடியில் சுருட்டி வைத்த பச்சை வினைல் போர்டு, பக்கத்தில் துணிப்பையில் காய்கள். சென்னையில் ஏதோ ஒருநாள் போட்டி. அரக்கோணம் தாண்டியதும் அவள் போர்டை இருக்கையில் விரித்தாள். தன் ஸ்கோர் ஷீட்டைப் பார்த்து, தோற்ற ஆட்டத்தை முதலிலிருந்து ஆடிக்காட்டத் தொடங்கினாள். ரயில் ஆடும்போதெல்லாம் காய்கள் சரியும், அவள் சலிக்காமல் நிமிர்த்தி வைப்பாள்.

“இங்கதான் நான்னா, நா குர்ரத்த எடுத்திருக்கணும்” என்றாள். நான்னா என்றால் தெலுங்கில் அப்பா, குர்ரம் என்றால் குதிரை. பாதித் தெலுங்கு, பாதித் தமிழ். எங்கள் ஊர்ப் பேச்சு. அப்பாவுக்கு ஆட்டம் தெரியவில்லை என்பது பார்த்தாலே புரிந்தது. “அவுனா கண்ணா, சரிம்மா” என்று ஒவ்வொரு நகர்வுக்கும் தலையாட்டினார். திருத்தணி வந்தது, ஏகாம்பரகுப்பம் வந்தது, எல்லை கடந்துபோனது. அவள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. புத்தூர் வருவதற்குள், தான் எங்கே தவறினோம் என்று கண்டுபிடித்துவிட்டாள். அந்தச் சந்தோஷத்தில், தோற்றுவிட்டு வந்ததே அவளுக்கு மறந்துபோயிருந்தது.

திங்கட்கிழமை பள்ளி இருக்கிறது. ஐந்து ரவுண்டு ஆட ஒரு பிள்ளை விடியற்காலை எழுந்து, முந்நூறு கிலோமீட்டர் அளவுக்குப் போய்த் திரும்புகிறாள். அப்பாவுக்கு ஒருநாள் ஓய்வு போயிற்று, செலவு வேறு. இப்போது எங்கள் ஊர்களிலும் வகுப்புகள் நடக்கின்றன, போட்டிகள் நடக்கின்றன. சொல்லிக்கொடுக்கும் ஆசிரியர்கள் பலர் சொந்தப் பணத்தைப் போட்டுத்தான் நடத்துகிறார்கள். ஆனால் ஒரு கட்டத்துக்கு மேல் வளர வேண்டுமென்றால் இன்றும் ரயில் ஏறத்தான் வேண்டியிருக்கிறது. வலுவான எதிராளிகள் அங்கேதான் கூடுகிறார்கள். செஸ்ஸில் பலசாலியோடு மோதித் தோற்றால்தான் வளர முடியும்.

திருப்பதி, கல்வி நகரம். ஸ்ரீ வேங்கடேஸ்வரா பல்கலைக்கழகம், பத்மாவதி மகளிர் பல்கலைக்கழகம், தேவஸ்தானத்தின் கல்லூரிகள், ஐ.ஐ.டி. எல்லாம் இங்கே இருக்கின்றன. கூட்டத்தை வரவழைத்து, தங்கவைத்து, சாப்பாடு போட்டு அனுப்புவதில் இந்த ஊருக்குச் சமமான ஊர் இந்தியாவில் குறைவு. ரயில் வசதி, விமான வசதி, சத்திரங்கள், அன்னதானக் கூடங்கள் எல்லாம் தயார். ஒரு நல்ல ரேட்டிங் போட்டிக்கு வேறென்ன வேண்டும்? நாலு கல்லூரி சேர்ந்து விடுமுறையில் கூடங்களைத் திறந்துவிட்டால் போதும், சென்னைப் பிள்ளைகள் இந்தப் பக்கம் ரயில் ஏறுவார்கள். சித்தூரிலும் திருப்பதியிலும் மாலையில் திறந்திருக்கும் ஒரு அறை, இருபது பலகை, இருபது கடிகாரம், மாதச் சம்பளத்தில் ஒரு ஆசிரியர். ஒரு திருமண மண்டபத்தின் ஒருநாள் அலங்காரச் செலவில் இதைத் தொடங்கிவிடலாம். தோற்றவர் எழுந்திருக்க வேண்டும், அடுத்தவர் உட்கார வேண்டும் என்ற அந்த ஒரு விதியை மட்டும் சுவரில் எழுதி வைத்தால் மற்றதைப் பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள்.

மொட்டையும் கிரீடமும்

2025 மார்ச்சில் குகேஷ் குடும்பத்தோடு திருமலைக்கு வந்து முடி காணிக்கை கொடுத்தார். மொட்டைத் தலையோடு, வேட்டி கட்டி, வெளியே வந்த அந்தப் பையனைப் பத்திரிகைப் படத்தில் பார்த்தேன். கூட்டத்தில் நின்றிருந்தால் கல்லூரிப் பிள்ளை என்று தாண்டிப் போயிருப்போம். மலைக்கு வருகிறவரை எந்த மாநிலம் என்று கேட்டு மொட்டையடிப்பதில்லை. தமிழ் பேசுகிறவரும் தெலுங்கு பேசுகிறவரும் ஒரே வரிசையில் நின்று, ஒரே தண்ணீரில் தலையை நனைத்துக் குனிகிறார்கள். அவன் எங்கள் பிள்ளையா, உங்கள் பிள்ளையா என்ற கேள்விக்கு அந்தப் படத்தைவிட நல்ல பதில் எனக்குத் தெரியவில்லை.

நான் படித்த சித்தூர்ப் பள்ளியில் ஒரே ஒரு சதுரங்கப் பலகை இருந்தது. பெரும்பாலும் பீரோவில் பூட்டியே கிடக்கும். ஆண்டு விழாவுக்கு முந்தைய வாரம் மட்டும் வெளியே எடுப்பார்கள். அதில் கறுப்புக் குதிரை ஒன்று தொலைந்துபோயிருந்தது. அதற்குப் பதிலாக ஒரு சாக்பீஸ் துண்டை நிறுத்தி ஆடுவோம். வெள்ளைச் சாக்பீஸ் கறுப்புப் படையில் நிற்கும். ஆட்ட மும்முரத்தில் அது யாருடைய காய் என்று மறந்துபோய்ச் சண்டை வரும். என்னோடு ஆடியவர்களில் ஒரு பையன் என்னைவிட எவ்வளவோ கெட்டிக்காரன். நாலைந்து நகர்வுக்கு முன்னாலேயே மாட் வருவதைச் சொல்லிவிடுவான். எட்டாம் வகுப்போடு மண்டி வேலைக்குப் போய்விட்டான். அவன் எந்த உயரத்துக்குப் போயிருப்பான் என்று யாருக்கும் தெரியாது, சோதித்துப் பார்க்க அந்த ஊரில் ஒரு அறை இல்லாததால்.

செந்தோசாவில் டிங் கை கொடுத்த பிறகு குகேஷ் முகத்தைக் கைகளில் புதைத்து அழுதார். பிறகு, அழுதபடியே, ஒவ்வொரு காயாக எடுத்து அதன் கட்டத்தில் திருப்பி வைத்தார். ராஜா, ராணி, யானை, குதிரை, சிப்பாய் எல்லாம் அடுத்த ஆட்டத்துக்குத் தயாராக நின்றபின்தான் எழுந்தார். ஆட்டம் முடிந்தால் காய்களை அடுக்கிவிட்டுத்தான் எழ வேண்டும் என்பது செஸ் வகுப்பில் சேரும் பிள்ளைக்கு முதல் வாரத்தில் சொல்லிக்கொடுக்கும் பாடம்.

அந்த ரயில் பெண் ரேணிகுண்டா வந்ததும் போர்டைச் சுருட்டினாள். காய்களை எண்ணிப் பைக்குள் போட்டாள். கறுப்புக் குதிரை இரண்டும் இருக்கிறதா என்று நானும் அவளோடு சேர்ந்து எண்ணினேன். இருந்தன.